பாலையூற்று எந்தப் பக்கத்தில?



போன கிழமை வகுப்புக்கு ஒரு திருகோணமலைச் சுற்றுலாக் கையேடு கொண்டுபோனேன். கோணேஸ்வரம், பிரெட்றிக் கோட்டை, கன்னியா வெந்நீரூற்று, நிலாவெளி, புறாத்தீவு எல்லாம் இருந்தன. புரட்டிப் பார்த்த பிள்ளையொன்று கேட்டது: "டீச்சர், பாலையூற்று எந்தப் பக்கத்தில?"

என்னிடம் பதில் இல்லை.

கலாசாலையில் வாசித்த ஒன்று நினைவுக்கு வந்தது. 1935இல் அமெரிக்காவில் கடும் பொருளாதார நெருக்கடி. ரூஸ்வெல்ட் அரசாங்கம் வேலையில்லாத எழுத்தாளர்களுக்குச் சம்பளம் கொடுத்து ஊர் ஊராக எழுதவிட்டது. அன்றிருந்த 48 மாநிலங்களுக்கும் வழிகாட்டி நூல்கள் வந்தன. பாதைகளோடு ஊர்க் கதைகளும் சாப்பாடும் பழக்கவழக்கமும் அவற்றில் ஏறின. அதே திட்டத்தில், முன்பு அடிமைகளாக இருந்த 2,300க்கும் மேற்பட்ட முதியவர்களின் வாய்மொழியையும் பதிந்தார்கள். பத்து வருடம் பிந்தியிருந்தால் அந்தக் குரல்களில் பல கிடைத்திருக்காது.

இதைத் தெரிந்திருந்தும் நான் பிந்திவிட்டேன். உம்மம்மா 1990இல் ஊரைவிட்டு ஓடிய கதையைத் தொடங்கும்போதெல்லாம், "பிறகு எழுதுறன் உம்மம்மா" என்பேன். போன ரமழானுக்கு முன் வபாத்தாகிவிட்டா. ஒரு வரிகூட என்னிடம் இல்லை.

அதனால் பிள்ளைகளுக்கு ஒரு வீட்டுவேலை கொடுத்திருக்கிறேன். ஊரின் பெயரில் பாலையும் இருக்கிறது, ஊற்றும் இருக்கிறது. அவை எங்கே இருந்தன என்று பெரியவர்களிடம் கேட்டு எழுதி வரவேண்டும். மாதா கோயிலடி, பிள்ளையார் கோயிலடி, பள்ளிவாசலடி, எந்த வீடானாலும் சரி.

உங்கள் வாசலுக்கு அவர்கள் கொப்பியோடு வந்தால், பத்து நிமிடம் உட்கார்ந்து சொல்லுங்கள். எங்கட பக்கத்தை நாங்கள்தான் எழுதவேண்டும்.