குரலும் ஆளும்

கலைக்கு எல்லை கிடையாது என்ற வாக்கியம், யோஸெஃப் ஷ்மிட்டைக் கேட்க ஆரம்பித்த நாளிலிருந்து என்னைத் தொந்தரவு செய்துகொண்டிருக்கிறது. வாக்கியம் பொய் என்று சொல்ல முடியவில்லை. அதை நிம்மதியாகச் சொல்லவும் முடியவில்லை.

ஷ்மிட் 1904ல் புக்கோவினாவில் பிறந்த யூதர். அன்று அது ஆஸ்திரிய சாம்ராஜ்யம். அவர் பிறந்த கிராமம் இன்று உக்ரைனில் இருக்கிறது. செர்னோவிட்ஸ் நகரத்து யூதக் கோயிலில் பாடித் தேறிய குரல். தெலுங்குக் கீர்த்தனைகளை அர்த்தம் தெரியாமலே கேட்டு வளர்ந்த நம் காதுக்கு ஜெர்மன் தெரியாதது பெரிய குறையல்ல. மேல் ஸ்தாயிக்குப் போகும்போது அவர் குரலில் பிரயாசை இல்லை. ஏற்கனவே அங்கே இருந்துகொண்டிருந்த ஒன்று இப்போதுதான் நமக்குக் கேட்கிறது என்று தோன்றும்.

ஆள் ஐந்தடிக்கும் குறைவு. ஆப்பரா மேடையில் காதலனாக நிற்க அந்த உடம்பு போதவில்லை. ரேடியோவில் உயரம் தெரியாது; 1929ல் பெர்லின் ரேடியோ அவரை எடுத்துக்கொண்டது. குரல் மட்டும் போதும், ஆள் வேண்டாம் என்கிற ஏற்பாடு. அதன் பெயர் புகழ்.

1933ல் நாஜிகள் வந்ததும் ரேடியோ மூடிக்கொண்டது. ஆனாலும் அவ்வருஷம் மே 9ந் தேதி அவர் நடித்த படம் பெர்லினில் வெளியாயிற்று. ‘ஒரு பாட்டு உலகைச் சுற்றுகிறது’ என்பது தலைப்பு. மறுநாள் இரவு அதே நகரில் புத்தகங்களைக் கொளுத்தினார்கள்.

பிறகு வியன்னா. 1937ல் நியூயார்க்கில் கார்னகி ஹால். அங்கேயே தங்கிவிடாமல் திரும்பினார். 1938ல் ஹிட்லர் ஆஸ்திரியாவை விழுங்கியதும் பெல்ஜியம். மேடை ஒருவழியாக அவருக்கு இடம்கொடுத்தது 1939ல், பிரஸ்ஸல்ஸில், புச்சினியின் ‘லா போஹேம்’ ஆப்பராவில். அடுத்த வருஷம் ஜெர்மன் படை பெல்ஜியத்துக்குள் நுழைந்தது. பிரான்ஸுக்கு ஓடினார். 1942 அக்டோபரில் அனுமதியில்லாமல் ஸ்விட்சர்லாந்து எல்லையைக் கடந்தார். கீரன்பாட் என்ற இடத்து அகதி முகாமில் அடைத்தார்கள்.

முகாமுக்குக் குரல் தேவைப்படவில்லை. அங்கே அவர் வெறும் உடம்பு, காகிதமில்லாத உடம்பு. நோயுற்றபோது ஜூரிச்சில் தொண்டைக்கு வைத்தியம் பார்த்தார்கள். நெஞ்சு வலிக்கிறது என்று அவர் சொன்னதை யாரும் பொருட்படுத்தவில்லை. முகாமுக்கே திருப்பி அனுப்பினார்கள். நவம்பர் 16ந் தேதி இறந்துபோனார். வயது 38.

அந்தப் பாட்டு இன்றும் உலகைச் சுற்றுகிறது. எந்த முத்திரையும் கேட்கப்படாமல் என் அறைக்குள் வந்துவிடுகிறது. கலையின் அமரத்துவம் என்று இதைச் சொல்லிக்கொள்ளலாம்தான். ஆனால் ஆப்பரா மேடையும் ரேடியோவும் செய்த அதே ஏற்பாட்டை நானும் தொடர்கிறேனோ என்ற சங்கடம் விடுவதில்லை. அதனால் இப்போதெல்லாம் உச்ச ஸ்வரங்களுக்காகக் காத்திருப்பதில்லை. ஒரு வரிக்கும் அடுத்த வரிக்கும் நடுவில் அவர் மூச்சு வாங்கும் இடங்களைக் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.