கணக்கு வாத்தியார் இல்லாத பள்ளிக்கூடம்

அருப்புக்கோட்டைப் பக்கத்தில் 'பெஞ்சு' என்ற சொல்லுக்கு வெகுகாலம் ஒரே அர்த்தம்தான் இருந்தது. கணக்கைத் தப்பாகப் போட்ட பையன் அதன்மேல் ஏறி நிற்பான். 2004-ஆம் வருஷம் மதுரையில் ஐகோர்ட் கிளை திறந்த பிறகு இன்னோர் அர்த்தமும் சேர்ந்துகொண்டது. வாத்தியார் வேலைக்குப் படித்தவர்கள் மார்க் லிஸ்டுகளை மஞ்சள் பையில் போட்டுக்கொண்டு, "பெஞ்சுக்குப் போறோம்" என்று மதுரை பஸ் ஏறினார்கள்.

இவர்களை வம்பு வழக்குக்காரர்கள் என்று நினைத்துவிடாதீர்கள். வானம் பார்த்த பூமி இது. திருச்சுழிச் சீமையில் மல்லி விதைத்தவன் அண்ணாந்து பார்த்துக்கொண்டுதான் இருக்க வேண்டும். கண்மாயில் தண்ணீரைவிடச் சீமைக் கருவேல்தான் அதிகம். மாதம் பிறந்தால் சம்பளம் வருகிற ஓர் உத்தியோகம், இங்கே பத்து ஏக்கர் நஞ்சைக்குச் சமானம்.

எனக்குத் தெரிந்த நெசவு வீட்டுப் பெண் ஒருத்தி 1998-இல் பிளஸ் டூ முடித்தாள். 1,200-க்கு 690 மார்க்கு.

"அந்த வருஷம் எங்களுக்குக் கணக்கு வாத்தியாரே கிடையாது, அண்ணாச்சி. புஸ்தகத்தப் பாத்து நாங்களே போட்டுக்கிட்டோம்" என்பாள்.

அந்தக் கணக்கையே விடாப்பிடியாகப் படித்து பி.எஸ்ஸி., பி.எட். முடித்தாள். 2012-இல் தமிழ்நாட்டில் ஆசிரியர் தகுதித் தேர்வு வந்தது. முதல் தேர்வை ஆறு லட்சம் பேருக்கு மேல் எழுதினார்கள். 2,500 பேர்கூடத் தேறவில்லை. அடுத்த வருஷம் இவள் எழுதினாள். 150-க்கு 90 எடுத்தால் போதும். இவள் எடுத்தது 98. தறிக்குழியிலிருந்து அவள் அப்பா எழுந்து வந்து தெருவுக்கெல்லாம் மிட்டாய் கொடுத்தார்.

அவசரப்பட்டுவிட்டார் பாவம். 2014-இல் சர்க்கார் 'வெயிட்டேஜ்' முறையைத் திருத்தி உத்தரவு போட்டது. தகுதித் தேர்வுக்கு 60, பட்டத்துக்கு 15, பி.எட்.டுக்கு 15, பிளஸ் டூவுக்கு 10. பார்வைக்கு நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் கூட்டிப் பாருங்கள். பட்டமும் பி.எட்.டும் சமம் என்று வைத்துக்கொள்வோம். பிளஸ் டூவில் 1,140 வாங்கிய ஒருவன் தகுதித் தேர்வில் வெறும் 90 எடுத்தால் 36-ம் 9.5-ம் சேர்ந்து 45.5. எட்டு மார்க்கு கூடுதலாக எடுத்த இவளுக்கு 39.2-ம் 5.75-ம் சேர்ந்து 44.95 தான். தகுதித் தேர்வைத் திரும்ப எழுதலாம். பதினேழு வயதை எங்கே போய்த் திரும்ப எழுதுவது? வாத்தியார் இல்லாத பள்ளிக்கூடத்தில் படித்ததற்காக, அதே மாதிரிப் பள்ளிக்கூடத்துக்கு அவள் வாத்தியாராகப் போக முடியவில்லை.

இதோடு இன்னொரு சண்டையும் சேர்ந்தது. இட ஒதுக்கீட்டுப் பிரிவினருக்குத் தேர்ச்சி மார்க்கில் ஐந்து சதவீதம் தளர்த்தியிருந்தார்கள். 2014 செப்டம்பரில் சென்னை ஐகோர்ட் அது செல்லும் என்றது. அதே மாதம் மதுரைக் கிளை செல்லாது என்றது. சுப்ரீம் கோர்ட் 2016 நவம்பர் 9-ஆம் தேதி தளர்வும் செல்லும், வெயிட்டேஜும் செல்லும் என்று முடித்துவிட்டது. தளர்வு சரி என்பதே என் கட்சியும். வெயிட்டேஜ் விஷயத்தில் கோர்ட் சட்டத்தைப் பார்த்தது. 1998-இல் காலியாகக் கிடந்த நாற்காலியைப் பார்ப்பது அதன் வேலையில்லைதான்.

வேடிக்கை என்னவென்றால், இத்தனை பாடுபட்டு ஜெயித்த வெயிட்டேஜை 2018-இல் சர்க்காரே கைவிட்டது. தேறியவர்கள் இன்னொரு போட்டித் தேர்வு எழுத வேண்டும் என்றார்கள். 2022-இல் தற்காலிக ஆசிரியர்களைப் பள்ளி மேலாண்மைக் குழுக்கள் மூலம் எடுக்க ஏற்பாடாயிற்று. அதற்கும் மதுரையில் முதலில் தடை; பிறகு தகுதித் தேர்வில் தேறியவர்களுக்கு முன்னுரிமை என்று வழி பிறந்தது. அவளுக்கு மாதம் பத்தாயிரம் ரூபாயில் ஓர் இடம் கிடைத்தது.

2025 செப்டம்பர் 1-ஆம் தேதி சுப்ரீம் கோர்ட்டிலிருந்து இன்னொரு தீர்ப்பு. ஓய்வு பெற ஐந்து வருஷத்துக்கு மேல் உள்ள பழைய ஆசிரியர்களும் இரண்டு வருஷத்துக்குள் தகுதித் தேர்வில் தேற வேண்டுமாம். இருபது வருஷம் பாடம் நடத்தியவர்களுக்கு வயிற்றில் புளி கரைக்காதா?

போன மாதம் அவள் வீட்டுக்குப் போயிருந்தேன். திண்ணையில் நரைத்த தலையோடு மூன்று பேர் நோட்டுப் புத்தகமும் கையுமாக உட்கார்ந்திருந்தார்கள். மூவரும் நிரந்தர வாத்தியார்கள்.

"சார், அந்த நாலாவது கணக்க மறுபடியும் போட்டுப் பாருங்க" என்று சொல்லிக்கொண்டிருந்தாள்.