ஊசுட்டேரியும் நாட்டுத் துப்பாக்கியும்

புதுச்சேரியிலிருந்து பத்துக்கண்ணு செல்லும் சாலை ஊசுட்டேரியை ஒட்டிப் போவதால், வில்லியனூர் கொம்யூனுக்குள், அதாவது பிரெஞ்சு ஆட்சி விட்டுச்சென்ற ஊராட்சிப் பிரிவுக்குள், நுழையும் பயணி மழைக்காலத்துக்குப் பின் வலசை வந்திறங்கும் ஊசிவால் வாத்துகளையும் நாமக்கோழிகளையும் பேருந்திலிருந்தே காணலாம். இப்பகுதியின் துப்பாக்கி மரபு இந்தப் பறவைகளைச் சுற்றியே அமைந்தது. 1752இல் பாகூரில் ஆங்கிலேயரும் பிரெஞ்சுக்காரரும் மோதினர். 1760இல் வில்லியனூர்க் கோட்டை ஆங்கிலேயர் வசமானது. ஆனால் அந்தப் பீரங்கிகளும் துப்பாக்கிகளும் படைகளோடு வந்து படைகளோடு போயினவே தவிர, உழவர் வீட்டுப் பரணில் தங்கவில்லை. ஆயுத பூசையன்று பாகூர் வீடுகளில் மஞ்சள் குங்குமம் பெறுபவை அரிவாளும் மண்வெட்டியும் டிராக்டருமே. ஆயுதம் வைத்திருக்கும் உரிமை பற்றிய 1791ஆம் ஆண்டின் அரசியலமைப்புத் திருத்தத்தை உரிமைச் சாசனமாகக் கருதி, மான் வேட்டைப் பருவத்தில் தந்தை பிள்ளைக்குத் துப்பாக்கி பழக்கும் அமெரிக்க நாட்டுப்புறத்துக்கு இந்தியாவில் ஓரளவு இணையாவது, கைல்போல்து விழாவில் துப்பாக்கிக்குப் பூசை செய்யும் குடகு மட்டுமே.

இங்கு துப்பாக்கியை நம்பிப் பிழைத்தவர்கள் நரிக்குறவர்கள். அவர்களுடைய நாட்டுத் துப்பாக்கி வாய்வழியே மருந்து கெட்டிக்கப்படுவது: வெடியுப்பும் கந்தகமும் கரியும் கலந்த மருந்தைக் குழலில் கொட்டி, நாரைத் திணித்துக் கம்பியால் இடித்து இறுக்கி, ஈய ரவைகளை இட்டு மறுபடி அடைத்து, நெருப்புப் பொறி தரும் கேப்பைப் பொருத்திய பிறகே குதிரையை இழுக்க முடியும். மறுமுறை கெட்டிப்பதற்குள் ஏரிப் பறவைகள் அனைத்தும் எழுந்துவிடும் என்பதால், முதல் வெடியே அன்றைய கூலியை முடிவு செய்தது.

1959ஆம் ஆண்டின் ஆயுதச் சட்டம் பயிர்க்காவலுக்கென இத்தகைய துப்பாக்கிக்கு உரிமம் வழங்க இடமளிக்க, 1972ஆம் ஆண்டின் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டமும் அதன் 1991ஆம் ஆண்டுத் திருத்தமும் வேட்டையைப் பெரும்பாலும் தடுத்துவிட்டன; கருவிக்கு உரிமம் உண்டு, குறிக்கு ஏறக்குறைய முழுத் தடை என்னும் முரண் எஞ்சியது. 2008இல் ஊசுட்டேரியின் புதுச்சேரிப் பகுதி பறவைகள் சரணாலயமானது. பறவைகளுக்கு அது நல்லதுதான். வேட்டையை இழந்தோர் பாசிமணி, ஊசி விற்பனைக்குத் திரும்பினர்.

புதுச்சேரிக்கு 2016இல் அறிவிக்கப்பட்ட பழங்குடிப் பட்டியலில் வில்லி, வேட்டைக்காரன் பிரிவுகளோடு இருளர் இடம்பெற்றனர். துப்பாக்கி வேட்டையையே தொழிலாகக் கொண்டிருந்த நரிக்குறவர் அதில் இல்லை. தமிழ்நாட்டுப் பட்டியலில் அவர்களைச் சேர்க்கும் மசோதா 2022 டிசம்பரில் நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. ஊசுட்டேரியின் ஏறக்குறையப் பாதி நீர்ப்பரப்பு தமிழ்நாட்டைச் சேர்ந்தது; ஆக, ஒரே ஏரியின் இரு கரைகளிலும் அவர்கள் நிலை ஒன்றல்ல.