புல்லுருவி வளர்த்த கதை

கிறிஸ்துமஸ் வாழ்த்து அட்டைகளில் மணி, நட்சத்திரம், மெழுகுவர்த்தி இவற்றோடு, இரட்டை இரட்டையாய் இலைகளும் முத்துப் போன்ற வெண்ணிறக் கனிகளும் கொண்ட ஒரு கொத்தையும் தோழியர் பலர் பார்த்திருப்பீர்கள். சென்ற ஆண்டு, ஒன்பதாம் வகுப்பில், நாங்கள் அட்டைகளைச் சுவரில் ஒட்டிக்கொண்டிருந்தபோது, "இது என்ன செடி, சிஸ்டர்?" என்று கேட்டோம்.

"இதன் பெயர் மிசில்டோ. இங்கிலாந்தில் ஆப்பிள் மரக்கிளைகளில் வளரும். கிறிஸ்துமஸ் காலத்தில் வெட்டி வந்து வீட்டுக்குள் தொங்கவிடுவார்கள். டென்பரி வெல்ஸ் என்ற ஊரில் இதை ஏலம் விடவே சந்தை கூடும். இதன் உறவுக்காரர் நம் மாமரத்திலும் இருக்கிறாரே!" என்று அறிவியல் சிஸ்டர் ஜன்னல் வழியே கைகாட்டினார்கள். பார்த்தால், நம் புல்லுருவி!

அந்தப் பெயரைக் கேட்டதும் நாங்கள் சிரித்துவிட்டோம். காரணத்தை மறைக்காமல் எழுதுகிறோம். எங்கள் வகுப்பில் ஒருத்தி தந்தையை இழந்தவள். மாமா வீட்டில் தங்கிப் படிக்கிறாள். காம்பஸ், வண்ணப் பென்சில், வரைபடத்தாள் என்று எதையாவது எங்களிடம் இரவல் கேட்பாள். அவளுக்கு நாங்கள் இட்டிருந்த பட்டப்பெயர் அதுதான். அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

புல்லுருவியை வகுப்பறையிலேயே வளர்த்து அழகு பார்க்க ஆசைப்பட்டோம். ஒரு கொத்தை ஒடித்து, தொட்டி மண்ணில் ஊன்றி, தண்ணீர் ஊற்றினோம். நான்கே நாளில் வாடிப்போயிற்று. "மண்ணில் இறங்கும் வேரே அதற்குக் கிடையாது. விதையை மரக்கிளையில் ஒட்டவேண்டும்" என்றார்கள் சிஸ்டர்.

அந்த வேலையைப் பறவைகள்தாம் செய்கின்றன. சிட்டுக்குருவியிலும் சிறிய பூக்கொத்திக் குருவி பழத்தைத் தின்னும். விதையைச் சுற்றிப் பசை இருப்பதால், அதைக் கிளையில் தேய்த்துத்தான் கழிக்கமுடியும். விதை அங்கேயே ஒட்டிக்கொள்ளும்.

பழம் கிடைத்ததும் ஐந்து விதைகளை ஜன்னல் கண்ணாடியில் ஒட்டினோம். இன்னும் ஐந்தை ஒட்ட ஒரு செடி வேண்டுமே! மறுநாள் பழைய பெயின்ட் டின்னில் ஒரு மாதுளைச் செடியைச் சுமந்துகொண்டு வந்து நின்றாள், அதே தோழி. அதைச் ஜன்னலோரத்தில் வெயில் படும்படி வைத்தோம்.

என்ன வியப்பு! கண்ணாடியில் ஒட்டிய விதைகளும் முளைத்தன. பச்சை நிறத்தில் சிறு தண்டு நீண்டு, வளைந்து, நுனியைக் கண்ணாடியில் பதித்துத் துளைக்க இடம் தேடியது. கண்ணாடி எங்கே இடம் கொடுக்கும்? சில வாரங்களில் எல்லாம் கருகிவிட்டன. மாதுளையில் ஒட்டியவற்றுள் இரண்டு மட்டும் தங்கின.

கோடை விடுமுறை வந்தது. டின்னை வராந்தாவில் வைத்துவிட்டு அவரவர் ஊருக்குப் போய்விட்டோம். ஜூன் மாதம் திரும்பியபோது, மாதுளை வாடாமல் நின்றது. புல்லுருவி இலை விட்டிருந்தது. "அந்தப் பொண்ணு தினமும் வந்து தண்ணி ஊத்திட்டுப் போச்சு" என்றார் காவல்காரத் தாத்தா. எங்களுக்குப் பேச்சு வரவில்லை.

அந்த வாரம் சிஸ்டர் ஒட்டுண்ணிகளைப் பற்றி நடத்தினார்கள். புல்லுருவி பட்டையைத் துளைத்து, மரத்திலிருந்து நீரையும் தாது உப்புகளையும் உறிஞ்சுகிறது. ஆனால் அதன் இலை பச்சை. சூரிய ஒளியில் தானும் உணவு தயாரிக்கிறது. அதனால் அதைப் பகுதி ஒட்டுண்ணி என்பார்கள். சிஸ்டர் புத்தகத்தை மூடிவிட்டு, "உங்களில் சொந்தச் சம்பாத்தியத்தில் சாப்பிடுகிறவர் கை தூக்குங்கள்" என்றார்கள். ஒரு கையும் உயரவில்லை.

கிறிஸ்துமஸுக்குள் புல்லுருவி நன்றாகச் செழித்தது. ஆனால் அது பற்றிய கிளையின் நுனி காய்ந்துகொண்டே வந்தது. "இனியும் விட்டால் மாதுளை தாங்காது. இலையைக் கிள்ளினால் போதாது, மறுபடி துளிர்க்கும். ஒட்டிய இடத்துக்குக் கீழே கிளையோடு வெட்டுங்கள்" என்றார்கள் சிஸ்டர். ஓர் ஆண்டு பார்த்துப் பார்த்து வளர்த்ததாயிற்றே! எங்களில் யாருக்கும் மனம் வரவில்லை. அவள்தான் கத்தரியை வாங்கி வெட்டினாள். இப்போது மாதுளை புதுத் துளிர் விட்டிருக்கிறது.

செடி செடிதான், அதன் இயற்கை அது. அதன் பெயரை எடுத்து ஒரு மனிதப் பிறவிக்குச் சூட்ட எங்களுக்கு என்ன உரிமை? அன்று மாலை கோயிலுக்கு வெளியே அவளிடம் மன்னிப்புக் கேட்டோம். "பரவாயில்லை" என்று மட்டும் சொன்னாள். நாங்கள் இட்ட பட்டப்பெயர் அன்றோடு ஒழிந்தது.

இக்கட்டுரையை மலருக்குக் கொடுக்குமுன் அவளிடம் காட்டி, "இதைப் போடலாமா?" என்று கேட்டோம். இருமுறை படித்தாள். பிறகு, "போடுங்கள். அதற்கும் பச்சை இலை உண்டு என்று எழுதியிருக்கிறீர்கள் அல்லவா, அது போதும்" என்றாள்.