பந்தும் புட்டியும்: கிளாஸ்கோ நகரின் சனிக்கிழமைகள்

ஸ்காட்லாந்தின் மிகப் பெரிய நகரம் கிளாஸ்கோ. 'குயீன் மேரி' முதலான பெருங்கப்பல்களைக் கட்டிக் கடலுக்கு அனுப்பிய கிளைடு ஆறு இந்நகரின் நடுவே ஓடுகிறது. கப்பல் கட்டும் தளங்களில் பெரும்பாலானவை மூடப்பட்டுவிட்டன. ஆயினும் அத்தளங்களின் தொழிலாளர்கள் விட்டுச் சென்ற ஒரு வழக்கம் மட்டும் மூடப்படவில்லை. அது சனிக்கிழமைக் கால்பந்து.

ஆட்டம் நடைபெறும் நாளில் இந்நகருக்கு வரும் புதியவர் முதலில் காண்பது நிறங்களைத்தான். பச்சையும் வெள்ளையும் அணிந்தோர் செல்டிக் கழகத்தினர். நீலம் அணிந்தோர் ரேஞ்சர்ஸ் கழகத்தினர். அடுத்து அவர் காண்பது மதுக்கடைகளின் கதவுகளில் தொங்கும் அறிவிப்பு: 'கால்பந்துக் கழக நிறங்களுடன் வருவோருக்கு அனுமதி இல்லை.' ஒரு சட்டையின் நிறத்தைக் கண்டு மது விற்பவரே அஞ்சும் ஊர் உலகில் வேறெங்கேனும் உண்டா என்று கேட்கத் தோன்றுகிறது.

மத்திய ரயில் நிலையத்திலிருந்து தெற்கே சில நிமிடப் பயணத்தில் மவுண்ட் ஃபுளோரிடா என்னும் சிறு நிலையம் வருகிறது. அங்கிருந்து நடக்கும் தொலைவில் உள்ளது ஹாம்ப்டன் பார்க், ஸ்காட்லாந்து தேசிய அணியின் விளையாட்டரங்கு. 1937-இல் இங்கிலாந்துடன் நடந்த ஆட்டத்தைக் காண இங்கே திரண்டவர்கள் 1,49,415 பேர். இன்று ஏறத்தாழ 52,000 பேர் அமரலாம். அரங்கத்தினுள் கால்பந்து அருங்காட்சியகம் ஒன்றும் உண்டு. பழைய கோப்பைகளைக் கண்டு மகிழலாம். ஆனால் இம்மைதானத்தின் வரலாற்றை மாற்றிய பொருள் எந்தக் கண்ணாடிப் பேழையிலும் வைக்கத் தகாத ஒன்று: காலி மதுப்புட்டி.

1980 மே 10. ஸ்காட்டிஷ் கோப்பையின் இறுதியாட்டம். செல்டிக் கழகம் கூடுதல் நேரத்தில் ஒரே கோல் அடித்து ரேஞ்சர்ஸை வென்றது. பார்வையாளர்கள் ஏறத்தாழ 70,000 பேர். மகிழ்ச்சியில் செல்டிக் ரசிகர்கள் வேலி தாண்டி மைதானத்தில் இறங்கினர். மறுமுனையிலிருந்து ரேஞ்சர்ஸ் ரசிகர்களும் பாய்ந்து வந்தனர். புட்டிகளும் தகரக் குவளைகளும் கற்களும் பறந்தன. காவலர்களில் பெரும்பாலோர் ஆட்டம் முடிந்து வெளிவரும் கூட்டத்தை ஒழுங்குபடுத்த அரங்கிற்கு வெளியே நின்றிருந்தனர். இறுதியில் குதிரைப்படை உள்ளே வந்தது. வெள்ளைக் குதிரையில் அமர்ந்து கும்பலைக் கலைத்த ஒரு பெண் காவலரின் படம் இன்றளவும் அந்நாட்டினரின் நினைவில் நிற்கிறது. கைதானவர்கள் இருநூறு பேருக்கும் மேல். இவை யாவும் தொலைக்காட்சியில் வீடுதோறும் நேரடியாகத் தெரிந்தன.

குடித்துவிட்டு மோதிக்கொள்வது அவர்களுக்குப் புதிதன்று. 1909-இல் இதே மைதானத்தில், இதே இரு கழகங்களின் இறுதியாட்டத்தில் எழுந்த கலவரத்தால் அவ்வாண்டு கோப்பை எவருக்கும் வழங்கப்படவில்லை. 1977-இல் நாடாளுமன்ற உறுப்பினர் ஃபிராங்க் மக்கெல்ஹோன் தலைமையிலான குழு, மைதானங்களில் மதுவைத் தடை செய்க என்று பரிந்துரைத்தும் இருந்தது. அரசு அசைவதற்கு 1980-இன் கலவரம் தேவைப்பட்டது. அவ்வாண்டே இயற்றப்பட்ட குற்றவியல் நீதிச் சட்டம் 1981-இல் நடைமுறைக்கு வந்தது. மைதானத்திற்குள் மது கொண்டுவருவது, குடிபோதையில் நுழைவது, ரசிகர்களை ஏற்றிவரும் வாடகைப் பேருந்துகளில் மது வைத்திருப்பது, இவை அனைத்தும் குற்றங்களாயின.

சட்டம் பலித்ததா? மைதானத்தைப் பொறுத்தவரை பலித்தது என்றே கூற வேண்டும். புட்டி வீசும் காட்சி அருகிப்போனது. இடைவேளையில் ரசிகர்கள் ஆட்டிறைச்சிப் பணியாரத்துடன் போவ்ரில் என்னும் சூடான மாட்டிறைச்சிச் சாற்றைக் குடித்துக் குளிரைப் போக்கிக்கொண்டனர். 1985-இல் இங்கிலாந்தும் இதனையொத்த, ஆனால் இவ்வளவு கடுமையில்லாத சட்டம் ஒன்றை இயற்றியது.

பந்தையும் புட்டியையும் இணைத்தது எது என்பதை அறியச் சற்றுப் பின்னோக்கிச் செல்ல வேண்டும். பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தொழிலாளிக்குச் சனிக்கிழமை பிற்பகல் ஓய்வு கிடைத்தது. கையில் வாரக் கூலி, பிற்பகலில் ஆட்டம், ஆலைக்கும் மைதானத்திற்கும் இடையில் மதுக்கடை. ஸ்காட்லாந்தின் பழைய உரிமச் சட்டங்களோ மிகக் கடுமையானவை. இரவில் கடை விரைவாக மூடப்படும். 1976-ஆம் ஆண்டுச் சட்டம் வரும்வரை ஞாயிற்றுக்கிழமைகளில் 'பப்' திறக்கவே கூடாது. அதற்கும் முந்தைய காலத்தில் விடுதிகளில் 'பயணி' என்று கையெழுத்திட்டவருக்கு மட்டுமே மது கிடைத்தது. அந்தக் கையெழுத்துக்காகவே பேருந்து ஏறி அடுத்த ஊருக்குப் போனவர்கள் உண்டாம்! கிடைத்த நேரத்தில் அவசர அவசரமாகக் குடிப்பதும், மிச்சத்தைப் புட்டியாக வாங்கி மைதானத்திற்குக் கொண்டு செல்வதும் இவ்வாறே பழக்கமாயின. மதுக்கடையும் ஆண்களின் இடம், மைதானமும் ஆண்களின் இடம். பெண்களுக்கு எஞ்சியது வீடும், கூலியில் மிஞ்சியதும்.

செல்டிக் கழகத்தின் பிறப்பையே பாருங்கள். 1887-இல் வால்ஃப்ரிட் என்னும் கத்தோலிக்கத் துறவி, அயர்லாந்திலிருந்து குடியேறிய ஏழைகளின் குழந்தைகளுக்கு உணவளிக்கப் பணம் திரட்டுவதற்காகத் தொடங்கிய அமைப்பு அது. மதுவிலக்குச் சங்கத்தினரும் அதன் தொடக்கத்தில் துணை நின்றனர். பத்தே ஆண்டுகளில், 1897-இல், அது பங்கு நிறுவனமாக மாறியபோது இயக்குநர்களில் மது வணிகர்களும் இடம்பெற்றிருந்தனர். (1936-இல் கல்கத்தா முகம்மதன் ஸ்போர்ட்டிங் வீரர் முகம்மது சலீம், கால்களில் துணி சுற்றியபடி வெறுங்காலுடன் இரு ஆட்டங்கள் ஆடி ஸ்காட்லாந்தை வியக்க வைத்ததும் இக்கழகத்திற்காகவே.)

மதுவைத் தடை செய்த பிறகேனும் இவ்வுறவு அறுந்ததா எனில், அதுவும் இல்லை. புட்டி வாயிலில் தடுக்கப்பட்டது. புட்டியின் பெயர் ஆட்டக்காரரின் மார்பில் ஏறி உள்ளே சென்றது. 1980-களில் லீக் கோப்பைக்கே 'ஸ்கோல்' என்னும் பீரின் பெயர் சூட்டப்பட்டது. 1987 முதல் 1999 வரை ரேஞ்சர்ஸ் சட்டையில் மெக்யூவன்ஸ் லாகர். 2010 முதல் 2013 வரை இரு பகைக் கழகங்களின் சட்டைகளிலும் ஒரே டென்னன்ட்ஸ். எதிரெதிரே நின்று வசைபாடிய இரு கூட்டத்தாரும் ஒரே மது நிறுவனத்தின் பெயரைச் சுமந்து நின்றனர். பின்னர் அவ்விடத்திற்குச் சூதாட்ட நிறுவனங்களின் பெயர்கள் வந்தன. மதுவையும் சூதையும் ஒருங்கே விலக்கக் கேட்டு வளர்ந்த நமக்கு இதில் வியப்பில்லை.

ஆட்டக்காரர்களும் இதற்கு விலை கொடுத்தனர். ஜிம் பேக்ஸ்டர், ஃபைஃப் பகுதியின் சுரங்கத் தொழிலாளியாயிருந்து ரேஞ்சர்ஸின் ஒப்பற்ற வீரரானவர். 1967-இல் வெம்ப்ளியில் உலகச் சாம்பியனான இங்கிலாந்தை ஸ்காட்லாந்து வென்றபோது, ஆட்டத்தின் நடுவே பந்தைக் காலால் தட்டித் தட்டி விளையாடிக் காட்டியவர். 1970-இல், முப்பத்தொரு வயதிற்குள், ஓய்வு பெற்றுவிட்டார். பிறகு அவர் தேர்ந்த தொழில் மதுக்கடை. 1994-இல் இரு முறை கல்லீரல் மாற்று அறுவை நடந்தது. 2001-இல், 61-ஆம் வயதில், புற்றுநோயால் இறந்தார். அலெக்ஸ் ஃபெர்குசனும் இளமையில் கிளாஸ்கோவில் 'பப்' நடத்தியவரே. ஆனால் 1986-இல் மான்செஸ்டர் யுனைடெட் சென்றதும் அவர் முதலில் ஒடுக்க முனைந்தவற்றுள் வீரர்களின் குடிப்பழக்கமும் ஒன்று.

எல்லாக் குற்றத்தையும் மதுவின் மீதே சுமத்திவிடலாமா? இங்கே ஒரு சிக்கல் உண்டு. தேசிய அணியின் பின்னே ஊர் ஊராகச் செல்லும் ரசிகர்களை 'டார்ட்டன் ஆர்மி' என்பர். 1977-இல் வெம்ப்ளி மைதானத்தில் இறங்கிக் கோல் கம்பத்தையே முறித்தவர்கள் இவர்கள். அதன்பின் மெல்ல மெல்லத் தம்மைத் திருத்திக்கொண்டு, 1992-இல் ஸ்வீடனில் நடந்த ஐரோப்பியப் போட்டியில் நன்னடத்தைக்காகப் பாராட்டுப் பெற்றனர். அணி செல்லும் நாடுகளில் குழந்தைகள் நலனுக்கு நிதி வழங்கும் அறக்கட்டளையும் அவர்களிடையே உண்டு. குடியை மட்டும் அவர்கள் குறைக்கவில்லை! அதே மது கிளாஸ்கோவில் கத்தோலிக்கர், புராட்டஸ்டண்டு என்னும் பழம்பகையோடு கலக்கும்போதுதான் கத்தியாகிறது.

அந்தக் கத்தி இறங்கும் இடம் பெரும்பாலும் மைதானமன்று. 2013-இல் வெளிவந்த ஓர் ஆய்வு, செல்டிக்கும் ரேஞ்சர்ஸும் மோதிய ஆட்டங்களுக்கு அடுத்த 24 மணி நேரத்தில் காவல்துறைக்கு வந்த குடும்ப வன்முறைப் புகார்களைக் கணக்கிட்டது. ஏனைய நாள்களைவிட மட்டுமன்று, தேசிய அணி ஆடிய நாள்களைவிடவும் அவை கூடுதலாயிருந்தன. அரங்கினுள் பொதுப் பார்வையாளர்களுக்கு ஒரு துளி மதுகூட விற்கப்படாத ஆட்டங்கள் அவை! முதல்நாளே வாங்கி வைத்த புட்டி வீட்டில் இருந்தது. தொலைக்காட்சியும் வீட்டில் இருந்தது. அடிவாங்கியவளுக்கு எந்தக் கழகத்தின் மீதும் பற்று இருந்திருக்க வேண்டியதில்லை.

2018 மே மாதம் ஸ்காட்லாந்து அரசு வேறொரு வழியை நாடியது. மதுவின் ஒவ்வோர் அலகிற்கும் 50 பென்ஸுக்குக் குறைவாக விற்கலாகாது என்றது. விஸ்கி வணிகர் சங்கம் தொடுத்த வழக்கு ஐந்தாண்டுக்கு மேல் நீண்டு, 2017-இல் உச்ச நீதிமன்றத்தில் அரசின் பக்கம் முடிந்த பிறகே இது சாத்தியமாயிற்று. மதுவால் நேரடியாக நேரும் மரணங்கள் இதனால் 13 விழுக்காடு குறைந்ததாக 2023-இல் ஆய்வாளர்கள் மதிப்பிட்டனர். ஆயினும் ஏறத்தாழ 55 லட்சம் மக்கள் வாழும் நாட்டில் அதே 2023-இல் அவ்வாறு இறந்தோர் 1,277 பேர். 2024 செப்டம்பரில் அரசு விலையை 65 பென்ஸாக உயர்த்தியது.

இப்போது மைதானத் தடையை நீக்கவேண்டும் என்ற குரல் மீண்டும் மீண்டும் எழுகிறது. எடின்பரோவின் மரேஃபீல்டு அரங்கில் ரக்பி பார்ப்போர் 2007 முதல் பீர் குடிக்கின்றனர். ரக்பிக்கு ஒரு நீதி, உழைப்பாளியின் கால்பந்துக்கு ஒரு நீதியா என்பது அவர்கள் வாதம். விருந்தினர் கூடங்களில் செல்வந்தருக்கு மது பரிமாறப்படுவதையும் சுட்டிக்காட்டுகின்றனர். வாதத்தில் நியாயம் இல்லாமலில்லை. எனினும் நியாயம் வேண்டுமாயின் அந்தக் கூடங்களின் மதுவையும் நிறுத்தலாமே என்று கேட்பவரைத்தான் காணோம். 2028-இல் ஐரோப்பியக் கோப்பையின் சில ஆட்டங்கள் ஹாம்ப்டனில் நடைபெறவுள்ளன.