ஆலங்காயத்தில் பேய் கிடைக்குமா?

பேய்ப் படத்தில் பேய்க்கு ஆகிற செலவுதான் ரொம்பக் கம்மி. கொஞ்சம் மாவு, கொஞ்சம் சிவப்புச் சாயம், ஒரு வெள்ளைப் புடவை. முடிந்தது. பணத்தைத் தின்பதெல்லாம் மனுஷர்களும் செட்டும்தான். அதனால்தான் சின்ன பட்ஜெட் வெளிநாட்டுப் படங்களில் டூரிஸ்ட்டுகளை ஏதாவது ஒரு தீவுக்குக் கொண்டுபோய்த் தள்ளிவிடுகிறார்கள். படகு ரிப்பேர். ஒவ்வொருத்தராகக் காலி. தீவில் டிராபிக் கிடையாது, வேடிக்கை பார்க்கிற கூட்டம் கிடையாது, சம்பள பாக்கி என்று நடிகர் ஓடிப்போகவும் வழி கிடையாது!

தீவு கிடைக்காதவர்கள் வேறு வழி பார்த்தார்கள். 1968-ல் அமெரிக்காவில் ஜார்ஜ் ரொமேரோ ஒரு பழைய பண்ணை வீட்டிலேயே முழுப் பிணக் கூட்டத்தையும் உலவ விட்டார். கறுப்பு வெள்ளைப் படம் என்பதால் ரத்தத்துக்கு சாக்லேட் சிரப்! பம்பாயில் ராம்ஸே சகோதரர்கள் 1972-ல் 'தோ கஜ் ஜமீன் கே நீச்சே' எடுக்க, மொத்த யூனிட்டையும் மகாபலேஷ்வருக்கு ஏற்றிக்கொண்டு போய் கெஸ்ட் ஹவுஸில் தங்க வைத்து, சுமார் 40 நாளில் முடித்துவிட்டுத் திரும்பினார்கள். நம்ம ஊரில் வேலு பிரபாகரன் 1989-ல் 'நாளைய மனித'னில் செத்த ஆளை எழுப்பி அலைய விட்டதும், அஜய் ரத்னத்தைப் பார்த்துப் பிள்ளைகள் அலறியதும் பலருக்கு ஞாபகம் இருக்கும்.

எங்கள் ஆபீஸ் அக்கவுன்ட்ஸ் செக்ஷனில் ஒரு 'டைரக்டர்' இருக்கிறார். இன்னும் படம் எடுக்கவில்லை, அவ்வளவுதான். கதை ரெடி. நாலு பையன்கள், ரெண்டு பெண்கள், ஒரு வேன், ஒரு மலை. வேன் நின்றுவிடும். தயாரிப்பாளர், அவருடைய மாமா. "லொகேஷன் பார்த்துட்டு வந்துடலாம்ப்பா" என்று ஒரு சனிக்கிழமை எங்கள் மூன்று பேரையும் கிளப்பிவிட்டார். இடம், ஜவ்வாது மலை அடிவாரத்து ஆலங்காயம்.

வாணியம்பாடியில் ரயிலை விட்டு இறங்கினால் பஸ். (பிரியாணியை முடித்துக்கொண்டு ஏறுவது உத்தமம்.) ஆலங்காயம் ஒரு பேரூராட்சி. 2019-ல் திருப்பத்தூர் மாவட்டம் பிறக்கும்வரை வேலூர் மாவட்டத்தில் இருந்தது. மலைமேல் விளைகிற சாமையும் பலாவும் தேனும் இறங்கி வருகிற வாசல்களில் இதுவும் ஒன்று. கடைத்தெருவில் எப்போதும் ஜே ஜே. "இங்க பேய் வந்தா அதுக்கே நிக்க இடம் இருக்காதுப்பா" என்று டைரக்டர் உதட்டைப் பிதுக்கினார்.

மேலே ஏற ஏற அவர் முகம் மலர்ந்தது. வளைவுகள், புதர்க்காடு, செல்போனில் ஒரு கோடு விழுகிறது, அடுத்த வளைவில் அதுவும் போச்சு. காவலூரில், மரங்களுக்கு மேலே பிரம்மாண்டமாக ஒரு வெள்ளைக் கூண்டு! "மேட் சயன்டிஸ்ட் பங்களா!" என்று கத்தினார். செட் போட்டால் கோடி ரூபாய் ஆகுமே!

அது வைணு பாப்பு வானாய்வகம். பெங்களூரின் இந்திய வான் இயற்பியல் நிறுவனத்தைச் சேர்ந்தது. வானியல் மேதை வைணு பாப்பு, நகர வெளிச்சம் எட்டாத இடமாகத் தேடி 1960-களில் இந்தக் காட்டைப் பிடித்தார். கடல் மட்டத்துக்கு மேல் சுமார் 725 மீட்டர். 2.34 மீட்டர் கண்ணாடி கொண்ட பெரிய டெலஸ்கோப்பை 1986 ஜனவரி 6-ம் தேதி ராஜீவ் காந்தி அர்ப்பணித்தபோது, அதைப் பார்க்க பாப்பு இல்லை. 1982-லேயே போய்விட்டார். உத்தரகாண்ட் தேவஸ்தலில் 2016-ல் 3.6 மீட்டர் வரும்வரை இந்தியாவில் பெரிசு இதுதான். 1988-ல் இங்கிருந்து ஒரு குறுங்கோளைக் கண்டுபிடித்து, கணித மேதை ராமானுஜன் பெயரை வைத்தார்கள்.

டீக்கடைப் பெரியவரிடம் டைரக்டர் மெதுவாக ஆரம்பித்தார்: "ஐயா, ராத்திரியில ஷூட்டிங் எடுத்தா ஆளுங்க ஒண்ணும் சொல்ல மாட்டாங்களே?"

"எடு தம்பி, யார் வேணாம்னா? ஆனா லைட்டு போடக்கூடாது."

"லைட் இல்லாம எப்படிங்க படம் எடுக்கிறது?"

"இருட்டு வேணும்னுதானே அவங்களே இங்க வந்து உக்காந்திருக்காங்க!"

நியாயம்தான். நட்சத்திரத்திலிருந்து வருகிற ஒளி அத்தனை மங்கல். கீழே ஊர்கள் வளர வளர, தெருவிளக்கும் பெட்ரோல் பங்க் விளக்கும் வானத்தை வெளுக்க வைக்கின்றன. பேய்ப் படத்துக்கு இருட்டு மாதிரி தெரிந்தால் போதும். காவலூருக்கு அசல் இருட்டு வேண்டும்.

டைரக்டர் கதையைச் சொன்னார். வேனில் வந்தவர்களை மலைவாசிகள் கத்தி, கோடாலியோடு துரத்துகிறார்கள்... பெரியவர் சிரிக்கவில்லை. டம்ளரைக் கழுவிக்கொண்டே கேட்டார். "மாட்டிக்கினு செத்தது எங்க பசங்கதான் தம்பி."

2015 ஏப்ரல் 7. திருப்பதிக்குப் பக்கத்து சேஷாசலம் காட்டில் ஆந்திர போலீஸ் சுட்டதில் தமிழ்நாட்டுக் கூலியாட்கள் 20 பேர் செத்தார்கள். ஜவ்வாது மலைக்காரர்களும் அதில் உண்டு. செம்மரம் வெட்ட வந்தவர்கள், தாக்கினார்கள், சுட்டோம் என்றது போலீஸ். பஸ்ஸிலிருந்து இறக்கிக் கொண்டுபோய்ச் சுட்டார்கள் என்றன மனித உரிமை அமைப்புகள். தப்பிய ஒருவர் சொன்னது: பஸ்ஸில் ஒரு பெண்ணின் பக்கத்து சீட்டில் உட்கார்ந்திருந்தாராம். சேர்ந்து வந்தவர் என்று நினைத்து அவரை விட்டுவிட்டார்களாம். சீட் மாறி உட்கார்ந்திருந்தால் 21.

மானாவாரிச் சாமையை நம்பி வருஷம் ஓட்ட முடியாத பையனிடம், நாலு நாள் வேலைக்குக் கை நிறையப் பணம் என்று ஏஜென்ட் சொல்கிறான். பையன் போகிறான். பாஷை தெரியாத காடு. ஏஜென்ட் மாட்டுவதில்லை. வெட்டுகிற கூலிக்குத்தான் ஜெயில், இல்லாவிட்டால் அது. எந்தத் தீவுப் படத்திலும் இதைவிட மோசமாக ஒருத்தன் மாட்டிக்கொண்டதாக நான் பார்க்கவில்லை.

டைரக்டர் டீயைக் குடிக்காமல் ஆற விட்டார். அன்று ராத்திரி வானாய்வகத்தில் சின்ன டெலஸ்கோப் வழியாக நிலாவைக் காட்டினார்கள். இரண்டு தடவை வரிசையில் நின்று பார்த்தார்.

இப்போது கதையை மாற்றி எழுதிக்கொண்டிருக்கிறார். டூரிஸ்ட்டுகள் கிடையாது, மலையிலிருந்து பஸ் ஏறிப் போகிற எட்டு பையன்கள். மாமாவிடம் சொன்னாராம். "எல்லாம் சரி மாப்ளே, இதுல பேய் எங்க வருது?" என்று கேட்டுவிட்டு, பணத்தைப் பற்றிப் பேசாமல் சாப்பிடப் போய்விட்டாராம்.

போக நினைப்பவர்களுக்கு: பொதுமக்களுக்கு வழக்கமாக சனிக்கிழமைதான். விசாரித்துவிட்டுப் போங்கள். மழைக்காலத்தில் மேகம்தான் தெரியும். ஜனவரி முதல் ஏப்ரல் வரை நல்ல வானம். இன்னும் மேலே போனால் ஜமுனாமரத்தூர், பீமன் அருவி. கடைசி பஸ் நேரத்தை ஏறும்போதே கண்டக்டரிடம் கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். டார்ச்சை மட்டும் வானாய்வகத்தில் பைக்குள்ளேயே வைத்திருங்கள்.