மறைந்திருந்த நற்செயல்

1964-இல் வெளிவந்த 'கோல்ட்ஃபிங்கர்' படத்தைக் கண்டவர்கள், அதில் வரும் பருத்த உடல் கொண்ட வில்லனை மறந்திருக்கமாட்டார்கள். அவ்வேடம் தாங்கியவர் கெர்ட் ஃப்ரோபே என்னும் ஜெர்மானியக் குணச்சித்திர நடிகர். 1913-இல் சாக்சனியில் பிறந்த அவர், 1948-இல் போரிலிருந்து திரும்பும் மெலிந்த வீரனாக நடித்துப் பெயர்பெற்றார். 1958-இல் குழந்தைகளைக் கொல்பவனாகத் தோன்றி நடுங்கவைத்தார். 1974-இல் ஹோட்சன்பிளாட்ஸ் என்னும் கொள்ளைக்காரனாக நடித்துக் குழந்தைகளைச் சிரிக்கவும் வைத்தார். தொலைக்காட்சியிலும் நடித்த அவர், 1988-இல் மியூனிக் நகரில் காலமானார்.

அவர் வாழ்வில் ஒரு கறை இருந்தது. இளமையில் நாஜிக் கட்சியில் சேர்ந்து, 1937-இல் விலகியவர் அவர். 1960-களில் இச்செய்தி பரவவே, இஸ்ரேல் அவர் படங்களைத் தடைசெய்தது. அப்போது யூதர் ஒருவர் முன்வந்து, தம்மையும் தம் அன்னையையும் நாஜிகளிடமிருந்து மறைத்துக் காத்தவர் ஃப்ரோபேயே எனச் சாட்சி பகர்ந்தார். தடை நீங்கியது. அந்நற்செயல் பழைய தவற்றை இல்லாததாக்கிவிடவில்லை. உலகம் அளித்த தீர்ப்பு அரைகுறையானது என்பதையே காட்டிற்று.

இதை வாசித்தபோது என் நெஞ்சம் உறுத்தியது. பழைய குடிப்பழக்கத்தைக் காரணங்காட்டி, ஒருவரைப் பங்குப் பேரவையில் சேர்க்க நான் ஒருமுறை மறுத்துவிட்டேன். துணையற்ற மூதாட்டி ஒருவருக்கு அவர் நாள்தோறும் உணவளித்துவந்ததை, அம்மூதாட்டியின் அடக்கத் திருப்பலியன்றுதான் அறிந்தேன். அன்று மாலையே அவர் இல்லம் சென்று மன்னிப்புக் கேட்டேன்.

அன்பர்களே, பிறர் கறை நம் கண்ணில் எளிதில் படுகிறது. அவர்தம் நன்மையையோ நாம்தான் தேடிச்சென்று அறியவேண்டும்.